மலையகத் தமிழர்: பண்பாடும் அடையாளமும்

மலையகத் தமிழர் என்போர், 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிலிருந்து பெருந்தோட்ட வேலைக்காகத் தமிழகத்திலிருந்து இலங்கையின் மத்திய மலைநாட்டுக்கு வந்து குடியேறியவர்களின் வழியில் உருவான சமூகத்தினர். நுவரெலியா, ஹட்டன், தலவாக்கலை, மஸ்கெலியா, கண்டி, மாத்தளை, பதுளை, பண்டாரவளைப் பகுதிகளில் செறிந்து வாழ்கின்றனர். மொழியும் சமயமும் பெரிதும் ஒன்றேயானாலும், வரலாற்றாலும் வாழ்நிலையாலும் வடக்கு, கிழக்குத் தமிழரிலிருந்து வேறுபட்டவர்கள். 2012 குடிசன மதிப்பீட்டில் ‘இந்தியத் தமிழர்’ என்ற பிரிவில் 839,504 பேர் பதிவாகினர். தம்மை ‘இலங்கைத் தமிழர்’ என்றே பதிந்துகொண்ட மலையகத்தாரும் இருப்பதால், சமூகத்தின் முழு அளவை இந்த எண் காட்டுவதில்லை.

குடியேற்றம்

1820களில் கம்பளைக்கு அருகே கோப்பிப் பயிர்ச்செய்கை தொடங்கியது. கண்டிச் சிங்களக் குடியானவர்கள் தோட்டக் கூலி வேலைக்கு வர விரும்பாததால், துரைமார் எனப்பட்ட ஆங்கிலேயத் தோட்ட அதிகாரிகள் திருச்சி, மதுரை, இராமநாதபுரம், தஞ்சாவூர், புதுக்கோட்டை, சேலம் ஆகிய பகுதிகளிலிருந்து ஆள் சேர்த்தனர். தோணியில் மன்னார்க் கரையில் இறங்கியவர்கள், காடு வழியாகத் தம்புள்ளையைக் கடந்து மாத்தளை வரை நடந்தே வந்தார்கள். காய்ச்சலிலும் வாந்திபேதியிலும் வழியிலேயே இறந்தவர்கள் பலர்.

கோப்பிக் காலத்தில் வந்தவர்களில் பெரும்பாலோர் அறுவடை முடிந்ததும் ஊர் திரும்பினர். நிலையான குடியிருப்புக்குக் காரணம் தேயிலை. 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை நட்டார். 1869இல் பரவத் தொடங்கிய இலைத்துரு நோய் கோப்பியை அழிக்க, மலைச்சரிவுகள் அடுத்த இருபது ஆண்டுகளில் தேயிலைக்கு மாறின. தேயிலைக்கு ஆண்டு முழுதும் கொழுந்து பறிக்க ஆள் வேண்டும். பறிப்பதில் பெண்களின் உழைப்பு முதன்மையானது. ஆகவே குடும்பங்களாக வந்தவர்கள் குடும்பங்களாகவே தங்கினர்.

பிஜி, மொரீசியஸ் போன்ற இடங்களுக்கு ஆட்களைக் கொண்டுபோன ஒப்பந்தக் கூலி முறை இங்கே நிலைக்கவில்லை. தன் ஊராரையும் உறவினரையும் சேர்த்துக்கொண்டு வந்த கங்காணியே இங்கு இடைத்தரகர். அவர் கொடுத்த முன்பணம் தொழிலாளியைத் தலைமுறைக் கடனில் கட்டிப்போட்டது. கடன் தொகை எழுதிய ‘துண்டு’ இல்லாமல் ஒருவர் தோட்டம் மாற முடியாது. 1921இல்தான் இந்தத் துண்டு முறை ஒழிக்கப்பட்டது. அதே கங்காணி முறைதான் ஊர், உறவு, சாதி, குலதெய்வம் ஆகியவற்றை அப்படியே மலைக்கு ஏற்றியும் விட்டது. கடலைக் கடந்தால் சொந்த ஊர் என்பதால் போக்குவரத்தும் நீண்டகாலம் அறுபடவில்லை.

தோட்ட வாழ்க்கையும் பேச்சும்

ஒரே கூரையின் கீழ் வரிசையாக அமைந்த சிறு அறைகளான காம்பராக்களைக் கொண்ட லயமே குடியிருப்பு. விடியுமுன் தப்பு ஒலிக்க, ஆட்களைக் கணக்கெடுக்கும் பெரட்டுக்களத்தில் கூடி, கணக்கப்பிள்ளை சொல்லும் மலைக்குப் போக வேண்டும். ஒரு நாள் வேலைக்கு ஒரு ‘பேர்’. பறித்த கொழுந்தின் நிறை குறைந்தால் ‘அரைப்பேர்’. குழந்தைகள் தோட்டக் காப்பகமான பிள்ளைக்காம்பராவில் இருப்பார்கள். குளியலும் துணி துவைப்பும் மலைநீர் விழும் பீலியில். தமிழக வட்டார வழக்குகள் ஒன்றோடொன்று கலந்து, சிங்கள, ஆங்கிலச் சொற்களும் சேர்ந்து உருவான இப்பேச்சைத் துரைமாரும் கற்க வேண்டியிருந்தது. தோட்டத்துக்குப் புதிதாக வரும் உதவி அதிகாரியான சின்னத்துரைக்காக அச்சிட்ட தமிழ்க் கையேடு ஒன்றின் தலைப்பே ‘இங்கே வா’ என்பதாகும்.

வழிபாடும் கூத்தும்

ஏறக்குறைய எல்லாத் தோட்டத்திலும் ஒரு மாரியம்மன் கோயில் உண்டு. மாத்தளை முத்துமாரியம்மன் கோயிலின் மாசிமக விழாவில் ஐந்து தேர்கள் ஓடுகின்றன. முனியாண்டி, மதுரைவீரன் போன்ற ஊர்த் தெய்வங்களோடு, மலையிலேயே பிறந்த தெய்வங்களும் இருக்கின்றன. தேயிலை ஆலையின் சுழலும் ரோதையைக் காப்பவர் ரோதமுனி. தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டும் வேலைக்கு முன் கும்பிடப்படுபவர் கவ்வாத்துச்சாமி. ஊரில் ஏருக்கும் விதைப்புக்கும் கிடைத்த சடங்கு, இங்கே இயந்திரத்துக்கும் கத்திக்கும் போய்ச் சேர்ந்தது.

காமன் கூத்து, பொன்னர் சங்கர், அருச்சுனன் தபசு ஆகிய மூன்றும் மலையகத்தின் முதன்மைக் கூத்துகள். பொன்னர் சங்கர் கொங்குப் பகுதியின் கதை. ஆனாலும் இங்கே பல மாவட்டத்து வழியினரும் சேர்ந்தே ஆடுகின்றனர். மாசி வளர்பிறையில் காமன் கம்பம் நடுவதோடு காமன் கூத்து தொடங்கும். காமனின் மனைவி ரதியின் வேடத்தையும் ஆணே விரதமிருந்து ஏற்பார். ரதியும் மதன் எனப்படும் காமனும் லயம் லயமாக வாசலுக்கு வந்து ஆடுவார்கள். வீட்டார் காணிக்கை கொடுத்து வணங்குவர். பௌர்ணமியை ஒட்டிய இரவில் சிவனின் தவத்தைக் கலைக்கப் போன மதன் எரிக்கப்படுவான்; ரதியின் ஒப்பாரியில் பார்வையாளரும் அழுவதுண்டு. தனி மேடை கிடையாது. தோட்டம் முழுவதும் ஆடுகளம். வேலை ஒழுங்கில் ஓர் எண்ணாக நிற்கும் தொழிலாளி, அந்த நாட்களில் சிவனாகவும் எமனாகவும் வீரபத்திரனாகவும் நிற்பார்.

அரசியலும் குடியுரிமையும்

தஞ்சையிலிருந்து வந்த கோ. நடேச ஐயர் ‘தேசபக்தன்’ இதழை நடத்தினார்; 1931இல் ஹட்டனைத் தளமாகக் கொண்டு தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். அவருடைய மனைவி மீனாட்சி அம்மாள், தாம் எழுதிய பாடல்களைத் தொழிலாளர் கூட்டங்களில் பாடினார். நேருவின் வருகையையொட்டி 1939இல் இலங்கை இந்தியன் காங்கிரஸ் தோன்றியது. பின்னர் அது இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸ் ஆயிற்று. 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் நடந்த போராட்டத்தின்போது கோவிந்தன் என்ற தொழிலாளி பொலிஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிரிழந்தார்.

சுதந்திரம் கிடைத்த ஆண்டிலேயே வந்தது 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம். தகப்பன் இலங்கையில் பிறந்ததற்கான சான்றை அது கேட்டது. பிறப்புப் பதிவே அரிதான தோட்டங்களில் பெரும்பாலோரால் அதைக் காட்ட முடியவில்லை. 1949இல் வாக்குரிமையும் போனது. 1964 ஒக்டோபர் 30 அன்று இலங்கை, இந்தியப் பிரதமர்கள் கையெழுத்திட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 பேரைப் பங்கிட்டது: 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 150,000 பேரை 1974 ஒப்பந்தம் இரு நாட்டுக்கும் சரிபாதியாக்கியது. யாருடைய தலைவிதி தீர்மானிக்கப்பட்டதோ, அவர்களிடம் யாரும் கருத்துக் கேட்கவில்லை.

இந்தியாவுக்குக் கப்பலேறத் தலைமன்னாருக்குப் போகும் ரயிலை மலையகத்தார் ‘ஒப்பாரிக் கோச்சி’ என்றனர். வழியனுப்ப வந்தோர் புகையிரத நிலையங்களில் மாரடித்து அழுததால் வந்த பெயர் அது. அண்ணன் இந்தியப் பிரஜை, தங்கை இலங்கைப் பிரஜை எனக் குடும்பங்கள் பிரிந்தன. நீலகிரியின் அரசுத் தேயிலைத் தோட்டங்களிலும் கூடலூர், கோத்தகிரிப் பகுதிகளிலும் குடியேறியவர்கள் அங்கே ‘சிலோன்காரர்’ ஆனார்கள். இலங்கையில் எஞ்சியிருந்தோரின் நாடற்ற நிலை 1988, 2003ஆம் ஆண்டுச் சட்டங்களால் முடிவுக்கு வந்தது.

இலக்கியமும் ‘மலையகம்’ என்ற உணர்வும்

1911 முதல் அரசாவணங்கள் இவர்களை ‘இந்தியத் தமிழர்’ எனத் தனியே கணக்கிட்டன. ‘மலையகத் தமிழர்’ என்பது தமக்குத் தாமே இட்டுக்கொண்ட பெயர். சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் வெளியேறச் சொன்ன 1960களில், ஹட்டன் ஹைலன்ட்ஸ் கல்லூரி போன்ற பள்ளிகளில் உருவான ஆசிரியர்களும் இளைஞர்களும் ‘இந்த மலையே எங்கள் ஊர்’ என்ற பொருளில் அதை முன்வைத்தனர்.

வட்டக்கொடையை அடுத்த மடகொம்பரைத் தோட்டத்தில் பிறந்த எழுத்தாளர் சி. வி. வேலுப்பிள்ளை (1914–1984), 1947இல் தலவாக்கலைத் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினரானார். தோட்டத்து நாட்டார் பாடல்களைத் தொகுத்தார். என். எஸ். எம். இராமையாவின் ‘ஒரு கூடைக் கொழுந்து’ மலையகச் சிறுகதையில் ஒரு திருப்பம். எழுத்தாளர் தெளிவத்தை ஜோசப் (1934–2022) 2013இல் தமிழகத்தின் விஷ்ணுபுரம் விருது பெற்றார்.

இன்றைய நிலை

1970களின் நிலச்சீர்திருத்தம் தோட்டங்களை அரசுடைமையாக்கியது. 1992இல் அவற்றின் நிர்வாகம் தனியார் கம்பனிகளுக்குச் சென்றது. தமிழருக்கு எதிரான 1977, 1981, 1983 வன்செயல்கள் பலரை வன்னிக்கும் தமிழகத்துக்கும் துரத்தின. இன்று இளைஞர் பலர் கொழும்பிலும் வெளிநாட்டிலும் வேலை பார்க்கின்றனர்; கொழுந்து பறிப்போர் குறைந்து வருகின்றனர். 2021இல் நாட்சம்பளம் 1,000 ரூபாயாக நிர்ணயிக்கப்பட்டது. இந்திய உதவியுடன் தனி வீடுகள் கட்டப்படுகின்றன.

2023இல் ‘மலையகம் 200’ நினைவாக, முன்னோர் வந்த வழியே தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை பாதயாத்திரை நடந்தது. காணி, வீடு, நியாயமான கூலி, தனித்துவமான மக்களாக அங்கீகாரம் ஆகியவற்றை அது கோரியது. குடியுரிமை கிடைத்தபோதும், லயத்துக் காம்பராவும் அது நிற்கும் நிலமும் இன்னும் தோட்ட நிர்வாகத்தின் கையில்தான் உள்ளன. வேலையை விட்டாலும் வீடு தங்குமா என்ற கேள்விக்கு உறுதியான பதில் கிடைக்கும்வரை, மலையகம் என்ற அடையாளம் பண்பாட்டுப் பெயராக மட்டுமின்றி ஓர் உரிமைக் கோரிக்கையாகவும் தொடரும்.