எவ்வுள்: படுக்க இடம் கேட்ட பெயர்

திருவள்ளூரின் பழைய பெயர் ஒரு கேள்வி. ‘எவ்வுள்?’ என்பது அந்தக் கேள்வி. எந்த உள், படுப்பதற்கு எந்த இடம் என்று பொருள். ஊர்ப்பெயர்கள் மரத்திலிருந்து வரும், நீர்நிலையிலிருந்து வரும், ஆண்ட மன்னனிடமிருந்து வரும். உண்டு முடித்து உடல் அசந்த ஒரு முதியவர் கேட்ட கேள்வியே ஊரின் பெயராக நிலைத்தது அரிதினும் அரிது.

தலபுராணக் கதை இது. சாலிஹோத்திரர் என்ற முனிவர் ஓராண்டு உண்ணாமல் தவமிருந்தார். ‘சாலி’ என்றால் நெல். தை அமாவாசையன்று, சேர்த்து வைத்த நெல்லைக் குத்தி மாவாக்கித் திருமாலுக்குப் படைத்துவிட்டு விருந்தாளிக்காகக் காத்திருந்தார். வந்த கிழவருக்கு அவர் பங்கு போதவில்லை. முனிவர் தம் பங்கையும் கொடுத்துவிட்டு மறுபடி ஓராண்டு பட்டினித் தவம் இருந்தார். அடுத்த தை அமாவாசைக்கும் அதே கிழவர் வந்தார். இருந்ததை எல்லாம் உண்டார். களைப்பாக இருக்கிறது, படுக்க வேண்டும், எவ்வுள் என்று கேட்டார். முனிவர் தம் குடிலையே காட்ட, அங்கே கிழவர் மறைந்து திருமால் பாம்பணையில் கிடந்தார்.

இன்று வீரராகவர் கோயில் கருவறையில் இருப்பது அந்தக் காட்சிதான். பெருமாள் கிழக்கு நோக்கிப் பள்ளிகொண்டிருக்கிறார். வலக்கை சாலிஹோத்திரரின் தலைமேல் இருக்கிறது. இடம் கொடுத்தவர் தலையில் கை வைத்தபடி படுத்திருக்கும் விருந்தாளி.

பெயரின் இலக்கணத்தில் குறையே இல்லை. வினா எகரத்தின் முன் உயிர் வந்தால் நடுவில் வகரம் இரட்டும். எவ்வூர், எவ்விடம், எவ்வுள். தொல்காப்பியர் ஏழாம் வேற்றுமைக்கு உரிய இடச்சொற்களை அடுக்கும்போது ‘உள்’ளையும் சேர்க்கிறார். வடமொழியில் பெருமாளுக்குக் ‘கிங்கிருகேசன்’ என்று பெயர். கிங்கிருகம் என்றால் எந்த வீடு. சொல்லுக்குச் சொல் சரிதான். ஆனால் ‘உள்’ வீட்டோடு நிற்பதில்லை, அதைப் பிறகு பார்ப்போம்.

பெயர் முந்தியதா, கதை முந்தியதா? சொல்லாராய்ச்சி செய்பவர் இந்தக் கேள்வியைத் தவிர்க்க முடியாது. பொருள் மறந்துபோன பெயருக்குப் பின்னால் கதை முளைப்பது எங்கும் நடப்பது, இங்கும் நடந்திருக்கலாம். ஆனால் 8-ஆம் நூற்றாண்டின் திருமங்கையாழ்வார் இந்த ஊரைப் பாடும் பதிகத்தில் எவ்வுள் என்ற பெயரும் கிடத்தல் என்ற வினையும் பாட்டுக்குப் பாட்டு ஒட்டியே வருகின்றன. அவருக்கு முந்தியவராகக் கருதப்படும் திருமழிசையாழ்வார், நான்முகன் திருவந்தாதியில் திருமால் பாம்பணையில் கிடக்கும் தலங்களை ஒரே வெண்பாவில் அடுக்கும்போது குடந்தை, வெஃகா, அரங்கம், பேர், அன்பில், பாற்கடல் ஆகியவற்றோடு திருஎவ்வுளையும் வைக்கிறார். எனவே கதை எப்போது உருவாகியிருந்தாலும், ஆழ்வார்கள் காலத்திலேயே இந்தப் பெயர் படுக்கையோடு கட்டுண்டுவிட்டது என்று துணிந்து சொல்லலாம்.

பிறகு திருஎவ்வுள் ஊரோடு சேர்ந்து திருஎவ்வுளூர் ஆயிற்று. வேகமாகச் சொல்லிப் பாருங்கள், எகரம் தானாகவே விழுங்கப்படும். மிஞ்சுவது திருவள்ளூர். ஆங்கிலேயர் வாயில் அது ட்ரிவெல்லூர் ஆனது. 1997-இல் செங்கல்பட்டு மாவட்டம் பிரிந்தபோது மாவட்டத்துக்கே பெயராயிற்று. திருவள்ளுவரோடு தொடர்புபடுத்திக் கேட்பவர்கள் இன்றும் உண்டு. கேள்வி பெயரிலிருந்து மறைந்ததால் வந்த மயக்கம் அது.

எவ்வுளுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டிய இன்னொரு சொல் ‘பள்ளி’. மதுரை அருகே மாங்குளத்தில், பாண்டியன் நெடுஞ்செழியன் காலத்துத் தமிழ்பிராமிக் கல்வெட்டு கிறிஸ்துவுக்கு முன் 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. சமணத் துறவிக்குக் குகையில் கல்லைக் கொத்திப் படுக்கை அமைத்துக் கொடுத்ததைச் சொல்லும் அது, அந்த இடத்தைப் ‘பளிஇய்’ என்கிறது. துறவி தலைசாய்க்கும் கல்லில் தொடங்கிய சொல் எத்தனை தூரம் நடந்திருக்கிறது! சமண, பௌத்த மடங்கள் பள்ளி. அங்கே எழுத்துச் சொல்லிக்கொடுத்ததால் பள்ளிக்கூடம். அரசன் உறங்குவது பள்ளியறை; கோயிலில் இரவு கடைசிப் பூசை முடிந்து சுவாமி போவதும் பள்ளியறைக்கே. இஸ்லாமியர் தொழுமிடம் பள்ளிவாசல். மலையாளத்தில் கிறிஸ்தவ தேவாலயத்துக்கும் மசூதிக்கும் அதே பள்ளிதான். தமிழும் மலையாளமும் பேசிய பல சமயத்தாரும் இறைவனுக்குரிய இடத்துக்கு, தூங்கும் இடத்தின் பெயரைத் தயக்கமில்லாமல் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.

இந்த மாவட்டத்தின் ஊத்துக்கோட்டையைத் தாண்டி ஆந்திர எல்லைக்குள் நுழைந்ததும் சுருட்டப்பள்ளி. ஆலகாலம் உண்ட சிவன் அம்பிகையின் மடியில் தலைவைத்துப் படுத்திருக்கும் கோலம்; பள்ளிகொண்டீஸ்வரர் என்று பெயர். சிவனைப் படுத்த நிலையில் காண்பது மிக அரிது. ஆனால் ஊர்ப்பெயரில் உள்ள பள்ளியைப் படுக்கை என்று கொள்ளக்கூடாது. தெலுங்கில் பல்லி, பல்லெ என்றால் வெறும் சிற்றூர். இறைவன் பெயரில் இருப்பது ஒரு பள்ளி, ஊர்ப்பெயரில் இருப்பது வேறொரு பள்ளி.

அங்கிருந்து காளத்திப் பக்கம் போனால் முதலாம் ஆதித்த சோழனின் பள்ளிப்படைக் கோயில், அதாவது சமாதிக் கோயில். அவனைக் கல்வெட்டுகள் ‘தொண்டைமானாற்றூர்த் துஞ்சின உடையார்’ என்கின்றன. துஞ்சுதல் தூங்குதலும்தான், இறத்தலும்தான். கிரேக்கர்களும் இப்படியே எண்ணினார்கள். கல்லறைத் தோட்டத்துக்கு ஐரோப்பிய மொழிகளில் வழங்கும் ‘செமட்ரி’ உறங்குமிடம் என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது.

பல சமயங்களில் இரவு வேண்டுதல் மரணத்தை உரசிக்கொண்டு போவதற்குக் காரணம் இங்கேதான் இருக்கிறது. பழவேற்காட்டில் மகிமை மாதா கோயிலும் பள்ளிவாசல்களும் ஒரே ஊருக்குள் இருக்கின்றன. கத்தோலிக்கர் அன்றைய நாளை எண்ணிப் பார்த்து ஆத்தும சோதனை செய்கிறார். திருச்சபையின் இரவுச் செபத்தில் அமைதியான இரவோடு நல்ல முடிவும் சேர்த்தே வேண்டப்படுகிறது. இஸ்லாமியர் வலப்பக்கம் சாய்ந்து, குர்ஆனின் கடைசி மூன்று அத்தியாயங்களை ஓதி, உன் பெயராலேயே இறக்கிறேன், வாழ்கிறேன் என்று துஆ சொல்லிக் கண்மூடுகிறார். வைணவ மரபில் மருந்து உண்ணும்போது விஷ்ணு, சோறு உண்ணும்போது ஜனார்த்தனன், படுக்கும்போது பத்மநாபன் என்று ஒவ்வொரு செயலுக்கும் ஒரு பெயர். எங்கள் பக்கத்துப் பாட்டிமார் பேரப்பிள்ளை நெற்றியில் திருநீற்றைப் பூசி ‘முருகா’ என்று சொல்லிப் படுக்கவைப்பதும் இதே வரிசைதான்.

இவற்றில் சில, கடிகாரத்தோடு கட்டப்பட்டவை அல்ல, கிடத்தலோடு கட்டப்பட்டவை. கும்மிடிப்பூண்டி சிப்காட் பக்கம் போனால் இதன் அருமை தெரியும். நைட் ஷிஃப்ட் முடித்துக் காலை ஏழு மணிக்கு அறைக்கு வருகிறவருக்கு அதுதான் இரவு. பகல் ஷிஃப்ட்காரர் எழுந்துபோன பாயிலேயே, சூடு ஆறுமுன் படுக்கிறார். சன்னலில் லுங்கியைக் கட்டி வெளிச்சத்தை மறைக்கிறார். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த புதிய ஆள் ஏஜென்ட்டிடம் முதலில் கேட்பதும் எவ்வுள் என்ற கேள்விதான், வேறு மொழியில். பத்மநாபன் பெயரையோ அந்தத் துஆவையோ வெயில் ஏறும் நேரத்தில் சொன்னாலும் பிசகில்லை.

மற்ற வேண்டுதல்கள் எல்லாவற்றிலும் மனிதன் இறைவனிடம் இடம் கேட்கிறான். உன் நிழலில் கிடத்து, உன் காவலில் வை. திருஎவ்வுளில் மட்டும் திசை மாறியிருக்கிறது. கேட்பவர் இறைவன், இடம் தரவேண்டியவன் மனிதன். நான் இந்தப் பெயரை விடாமல் பேசுவதற்குக் காரணம் இதுவே.

‘உள்’ளின் மற்ற முகம் இங்கேதான் உதவிக்கு வருகிறது. உள் என்றால் உட்பக்கம், இடம், அதுவே உள்ளமும். உள்ளுதல் என்றால் நினைத்தல். அப்படியானால் எவ்வுள் என்பது எந்த அறை என்று மட்டுமல்ல, எந்த நெஞ்சு என்றும் கேட்கிறது. இப்படி விரித்துப் பொருள்கொள்வது மிகையா? திருமழிசையாழ்வாரைக் கேட்போம். அவர் இந்த மாவட்டத்துக்காரர். பூந்தமல்லியிலிருந்து திருவள்ளூர் போகும் சாலையில் அவர் ஊர். திருச்சந்தவிருத்தத்தில் அவர் சொல்வதன் சாரம்: நான் பிறக்காத காலத்தில் அவன் ஊரகத்தில் நின்றான், பாடகத்தில் இருந்தான், வெஃகாவில் கிடந்தான்; நான் பிறந்து அவனை மறவாமல் இருக்கக் கற்றபின் அந்த மூன்றும் என் நெஞ்சுக்குள்தான். எவ்வுள் என்ற கேள்விக்கு இதைவிட நேரான பதிலை நான் படித்ததில்லை. தம் சீடருக்காகப் பெருமாளையே பாம்புப் பாயைச் சுருட்டிக்கொண்டு காஞ்சியை விட்டு வரச்சொன்னவர் அவர் என்பார்கள். அந்த உரிமை உள்ளவர்தான் இப்படிச் சொல்ல முடியும்.

திருவள்ளூரில் அமாவாசைக்கு முந்தின நாள் மாலையிலிருந்தே வீரராகவர் கோயிலைச் சுற்றிக் கூட்டம் சேர்ந்துவிடும். ஹிருத்தாபநாசினிக் குளத்தில் வெல்லத்தைக் கரைப்பார்கள். உப்பும் மிளகும் செலுத்துவார்கள். குளத்தின் பெயருக்கு நெஞ்சின் தாபத்தைத் தீர்ப்பது என்று பொருள். வந்தவர்கள் மண்டபத்திலும் குளக்கரையிலும் துண்டை விரித்துப் படுக்கிறார்கள். ‘இங்க ஆளு இருக்காங்களா? நாங்க படுத்துக்கலாமா?’ என்று கேட்டுக்கொண்டே ஒரு குடும்பம் இன்னொரு குடும்பத்துக்கு நகர்ந்து இடம் விடுகிறது.

அவர்களில் பெரும்பாலோருக்கு ஊர்ப்பெயரும் இதையே கேட்கிறது என்று தெரியாது. ரயில் நிலையத்தில் மூன்று மொழிகளில் திருவள்ளூர் என்று எழுதிய பலகை இருக்கிறது. அதன் பக்கத்தில் பழைய பெயரையும் அதன் பொருளையும் சொல்லும் சிறு பலகை ஒன்று வைக்க நகராட்சியும் ரயில்வேயும் மனம் வைத்தால் போதும். ‘திருஎவ்வுள்’ என்று எழுதும்போது அந்த எகரத்தை மட்டும் விட்டுவிடாமல் எழுத வேண்டும்.