குறை சொன்ன மூன்று ஆசிரியர்கள்



"சம்பளம் தருகிற இடத்தைப் பற்றி வாய் திறக்கக் கூடாது" என்று எங்கள் வீடுகளில் அடிக்கடி சொல்வோம். அகதி விண்ணப்பம் போட்டுவிட்டுக் காத்திருந்த காலத்தில் பழகிய பயம் அது. பத்திரங்கள் கைக்கு வந்த பிறகும் போவதில்லை. அமெரிக்காவில் ஒரு காலத்தில் நீதிமன்றமே இப்படித்தான் சொன்னது. 1892 இல் மாசசூசெற்ஸில் வேலை இழந்த ஒரு பொலிஸ்காரரின் வழக்கில், அரசியல் பேச அவருக்கு உரிமை இருக்கலாம், பொலிஸ்காரராக இருக்க உரிமை இல்லை என்ற கருத்தில் நீதிபதி ஒலிவர் வென்டல் ஹோம்ஸ் தீர்ப்பு எழுதினார். அரச பாடசாலை ஆசிரியர்களும் நெடுங்காலம் இந்த நிழலில்தான் வேலை செய்தார்கள்.

அதை மாற்றியது ஒரு பத்திரிகைக் கடிதம். இலினோய் மாநிலத்தின் லொக்போட் பகுதியில் படிப்பித்த மார்வின் பிக்கரிங், 1964 இல் உள்ளூர்ப் பத்திரிகைக்கு எழுதினார். கல்விச் சபை படிப்பைவிட விளையாட்டுக்குக் காசை அள்ளி விடுகிறது, கடன்பத்திர முன்மொழிவுக்கு எதிராகப் பேசும் ஆசிரியர்களைக் கல்வி அத்தியட்சகர் அடக்கப் பார்த்தார் என்பது அவர் குற்றச்சாட்டு. சபை அவரை வேலையிலிருந்து நீக்கியது. கடிதத்தில் சில விபரங்கள் பிழையாகவும் இருந்தன. மாநில நீதிமன்றங்கள் சபையின் பக்கமே நின்றன.

1968 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதைப் புரட்டியது. தீர்ப்பை எழுதியவர் தேர்கூட் மார்ஷல். முந்திய ஆண்டுதான் அந்த நீதிமன்றத்தின் முதற் கறுப்பின நீதிபதியாகப் பதவியேற்றிருந்தார். ஊர்ப் பணம் எப்படிச் செலவாகிறது என்பது பொது விடயம். அதைப் பற்றி விளக்கத்தோடு பேசக்கூடியவர்கள் ஆசிரியர்கள்தான். பொய்யென்று தெரிந்தோ, உண்மையா என்று பொருட்படுத்தாமலோ எழுதினால் தவிர, அப்படிப் பேசியதற்காக வேலையைப் பறிக்க முடியாது. ஆனாலும் குடிமகனின் பேச்சுரிமையையும் பாடசாலை ஒழுங்காக நடக்கவேண்டிய தேவையையும் தராசில் வைத்துப் பார்க்கவேண்டும் என்றும் மார்ஷல் எழுதினார். அந்தத் தராசுதான் பின்வந்த வழக்குகளுக்கெல்லாம் அடிப்படை.

அடுத்த வழக்கு வானொலிக்காரர்களான எங்களுக்குப் பிடித்தது. ஒஹாயோவின் மவுண்ட் ஹெல்தியில் டோயல் என்ற ஆசிரியர், ஆசிரியர்களின் உடை பற்றி அதிபர் அனுப்பிய குறிப்பை 1971 இல் ஒரு வானொலி நிலையத்துக்குத் தொலைபேசியில் சொன்னார். அது செய்தியாகியது, அவருடைய ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. ஆனால் டோயலும் சாதுவான ஆள் இல்லை. சாப்பாட்டுக்கூடத்தில் ஸ்பகெற்றி போட்ட அளவுக்காக ஊழியர்களோடு சண்டை, மாணவிகளுக்குக் கெட்ட சைகை என்று பட்டியல் நீளம். 1977 இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: பேசியதே நீக்கத்துக்கு முக்கிய காரணம் என்று முதலில் ஆசிரியர் காட்டவேண்டும். பேசாமல் இருந்திருந்தாலும் நீக்கியிருப்போம் என்று நிர்வாகம் நிரூபித்தால், நிர்வாகமே வெல்லும். வழக்கு கீழே திரும்பிப்போனது. கடைசியில் டோயல் தோற்றார்.

என் பார்வையில் மூன்றிலும் பெரியது மிசிசிப்பியின் பெசி கிவனுடைய வழக்கு. கறுப்பின, வெள்ளையினப் பாடசாலைகளை ஒன்றாக்கும்படி நீதிமன்றம் கட்டளையிட்டிருந்த காலம். மாவட்டத்தின் நடைமுறைகளில் இனப் பாகுபாடு இருக்கிறது என்று அந்த ஆசிரியை பத்திரிகைக்கு எழுதவில்லை. அதிபரிடம் நேரே சொன்னார். 1971 இல் வேலை போனது. தனிப்பட்ட முறையில் சொன்னதற்குப் பாதுகாப்பு இல்லை என்றது மேன்முறையீட்டு நீதிமன்றம். வெளியே சொன்னால் பாதுகாப்பு, உள்ளே மரியாதையாகச் சொன்னால் இல்லையா? 1979 இல் உச்ச நீதிமன்றம் ஏகமனதாக அதை நிராகரித்தது. ஆனால் டோயலின் விதிப்படி நீக்கத்தின் உண்மைக் காரணத்தை ஆராய அந்த வழக்கும் கீழேதான் அனுப்பப்பட்டது.

இவை அமெரிக்க அரச பாடசாலைகளுக்கான விதிகள். தனியார் பாடசாலைகளுக்கும் வேறு நாடுகளுக்கும் சட்டம் வேறு. அங்கேயும் 2006 இல் இன்னொரு தீர்ப்பு, கடமையின் பகுதியாக ஊழியர் சொல்பவற்றுக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை என்று எல்லையைச் சுருக்கியது. அன்றிலிருந்து இத்தகைய வழக்குகளில் முதலில் எழும் கேள்வி, அவர் ஊழியராகப் பேசினாரா, குடிமகனாகப் பேசினாரா என்பதுதான்.