பட்டா யார் பெயரில்?

1880களில் நெப்ராஸ்கா மாநிலத்தின் கஸ்டர் மாவட்டத்தில் சாலமன் புட்சர் என்ற புகைப்படக்காரர் குதிரை வண்டியில் காமிராவை ஏற்றிக்கொண்டு பண்ணை பண்ணையாகச் சுற்றினார். புதிதாகக் குடியேறிய குடும்பங்களை அவரவர் வீட்டு முன்னால் நிறுத்திப் படமெடுப்பது அவர் வேலை. டேவிட் ஹில்டன் என்ற விவசாயியின் மனைவி மட்டும் இதற்கு ஒப்பவில்லை. மண்வீட்டின் முன்னால் நிற்கும் படம் கிழக்கே இருந்த தெரிந்தவர்களின் கண்ணில் பட்டால் என்ன ஆவது? ஆனால் அவர் வீட்டுக்குள் காலால் மிதித்து வாசிக்கும் ஆர்கன் பெட்டி ஒன்று இருந்தது. அது இருப்பது எல்லோருக்கும் தெரிந்தாக வேண்டும். கடைசியில் அந்தக் கனத்த பெட்டியை வெளியே தூக்கி வந்து, வீடு படத்தில் விழாத இடமாகப் பார்த்து, ஆடுமாடு நிற்கும் திறந்தவெளியில் வைத்தார்கள். குடும்பம் அதைச் சுற்றி நின்றது. படம் எடுத்து முடிந்ததும் பெட்டி மறுபடி மண்வீட்டுக்குள் போயிற்று.

அந்த அம்மையார் மறைக்க நினைத்ததில் வியப்பில்லை. மரமே இல்லாத புல்வெளி அது. வேரோடு புல்லைப் பாளம் பாளமாக வெட்டி, செங்கல் அடுக்குவதைப் போல அடுக்கிச் சுவர் எழுப்புவார்கள். கோடையில் குளுமை, குளிர்காலத்தில் கதகதப்பு என்பதெல்லாம் உண்மைதான். ஆனால் மழை பெய்தால் கூரை ஒழுகும். மழை விட்ட பிறகும் ஒழுகிக்கொண்டிருக்கும். கொதிக்கிற குழம்பில் மண் உதிரும். சமயத்தில் பாம்பும் விழும். இதற்காகவே கூரைக்கு அடியில் மல்துணியை இழுத்துக் கட்டினார்கள் பெண்கள். 1874ஆம் ஆண்டு வெட்டுக்கிளிகள் மேகம்போல் இறங்கியபோது அவை பயிரோடு நிற்கவில்லை. கொடியில் காய்ந்த துணியையும் தின்றன.

அமெரிக்க மேற்கு என்றதும் தமிழ் வாசகருக்கு நினைவு வருவது தொப்பியும் துப்பாக்கியும்தான். அந்தக் கதைகளில் வரும் பெண்கள் இரண்டே வகை: வண்டியில் கண்ணீரோடு குழந்தையை அணைத்திருப்பவர், குதிரைமேல் நின்றபடி குறி தவறாமல் சுடுபவர். இரண்டாம் வகையின் திருவுருவான ஆனி ஓக்லி, மேற்கில் குடியேறியவரே அல்ல. ஓஹையோவில் பிறந்து, 1885 முதல் பஃபலோ பில்லின் காட்சிக் குழுவோடு ஊர் ஊராகப் போன கலைஞர். மேற்கெல்லைப் பெண்களின் உண்மையான நிலையை அறிய, இந்தக் காட்சிகளைவிட நில ஆவணங்கள் நல்ல வழி. சண்டையும் சட்டமும் குடியேற்றமும் அங்கே நிலத்தைச் சுற்றியே நடந்தன. ஒரு பெண்ணின் பெயர் எந்தப் பத்திரத்தில் ஏறியது, எதில் ஏறவில்லை, ஏறியிருந்த பெயர் எதனால் நீங்கியது என்று பார்த்துக்கொண்டே போனால், அவள் கதையில் பெரும்பகுதி தெரிந்துவிடும்.

முதலில் வந்தது ஓரிகன். 1850ஆம் ஆண்டின் ஓரிகன் நிலக்கொடைச் சட்டம், அங்கே ஏற்கெனவே குடியேறியிருந்த வெள்ளை ஆணுக்கு 320 ஏக்கர் கொடுத்தது. அவன் மணமானவனாக இருந்தால், அல்லது 1851 டிசம்பர் 1க்குள் மணம் செய்துகொண்டால், மனைவிக்கு அவள் பெயரிலேயே இன்னொரு 320 ஏக்கர் உண்டு. அமெரிக்காவின் பல மாநிலங்களில் மணமான பெண்ணின் சொத்து கணவன் கைக்குப் போய்க்கொண்டிருந்த காலம் அது. அப்படிப் பார்த்தால் இது புரட்சிதான். விளைந்தது வேறு. கெடு முடிவதற்குள் பெண் தேடி ஆண்கள் அலைந்தார்கள். பன்னிரண்டு, பதின்மூன்று வயதுச் சிறுமிகளுக்குக்கூட அவசரத் திருமணங்கள் நடந்தன. பட்டா பெண் பெயரில் வந்தது. அந்தப் பெண்ணுக்கு அதைப் படித்துப் புரிந்துகொள்ளும் வயது வந்திருக்கவில்லை.

அந்த நிலத்தைச் சென்றடைவது தனிக் கதை. மிசூரி ஆற்றங்கரையிலிருந்து ஓரிகனுக்கு ஏறத்தாழ 2,000 மைல். கூண்டு வண்டியில் ஐந்து மாதம். அயோவாவிலிருந்து 1853 ஏப்ரலில் கணவனோடும் ஏழு குழந்தைகளோடும் கிளம்பிய அமீலியா ஸ்டுவர்ட் நைட், வழியெல்லாம் நாட்குறிப்பு எழுதினார். மழை, சேறு, செத்த மாடுகள், ஈரத் துணி, மறுபடி மழை. ஒரு நாள் லூசி என்ற மகளை முகாமிலேயே விட்டுவிட்டு வண்டிகள் நகர்ந்துவிட்டன. பின்னால் வந்த குழுவினர் அழைத்துக்கொண்டு வந்து சேர்க்கும்வரை யாருக்கும் தெரியவில்லை. ஒவ்வொரு வண்டியிலிருந்தவர்களும் அவள் அடுத்த வண்டியில் இருப்பதாக நினைத்திருந்தார்கள். சமவெளியில் விறகு கிடையாது. காட்டெருமையின் காய்ந்த சாணத்தை முன்றானைத் துணியில் பொறுக்கி வந்து அடுப்பெரித்தார்கள். முகம் சுளித்தபடி தொடங்கிய கிழக்கத்திப் பெண்கள், நம் ஊரில் வரட்டி தட்டுபவர்களைப் போல அதன் காய்ச்சலையும் தரத்தையும் சீக்கிரமே கைபட்டுக் கண்டுகொண்டார்கள்.

அமீலியாவின் குறிப்பில் வியப்பூட்டுவது அவர் எழுதாமல் விட்டது. கிளம்பும்போதே அவர் கருவுற்றிருந்தார். அன்றைய கூச்சம் அதைக் காகிதத்தில் வைக்க விடவில்லை. கடைசிப் பக்கங்களில்தான் திடீரென்று எட்டாவது குழந்தை பாதையோரத்தில் பிறக்கிறது. சில நாள் கழித்து கொலம்பியா ஆற்றைக் கடக்கிறார்கள். அங்கே கணவர் இரண்டு ஜோடி எருதுகளைக் கொடுத்து 320 ஏக்கரை வாங்குகிறார்: அரை ஏக்கர் உருளைக்கிழங்கு, சன்னலே இல்லாத மரக்குடிசை ஒன்று. நாட்குறிப்பு அத்தோடு நிற்கிறது.

கலிபோர்னியாவில் நிலத்தைவிடத் தங்கம் பேசியது. லூசினா ஸ்டான்லி வில்சன் 1849இல் சாக்ரமென்டோவை நெருங்கியபோது, அவர் அடுப்பில் ரொட்டி சுடுவதைப் பார்த்த சுரங்கக்காரர் ஒருவர் ஐந்து டாலர் தருவதாகச் சொன்னார். அவர் திகைத்து நிற்க, போதவில்லை என்று எண்ணிப் பத்து டாலர் என்றார். பெண் கையால் சுட்ட ரொட்டிக்கு அந்த ஆண்கள் ஊரில் அவ்வளவு பஞ்சம். லூசினா பிறகு நெவாடா சிட்டியில் கம்பு நட்டுப் பலகை போட்டுச் சாப்பாட்டுக்கடை தொடங்கினார். அது விடுதியாக வளர்ந்தது. 1851இல் ஊரோடு எரிந்துபோனது. வீட்டில் கூலியில்லாமல் செய்த வேலைக்கு இங்கே விலை இருந்தது என்பதை அவரைப் போலப் பலர் கண்டுகொண்டார்கள்.

அதே 1849இல் கலிபோர்னியாவின் அரசியல் சட்டம், மனைவியின் சொத்து மனைவிக்கே என்று எழுதிவைத்தது. வழிகாட்டியது மெக்சிகோ வழியாக வந்த ஸ்பானியச் சட்டம். விவாதத்தில் ஹென்றி ஹாலக் என்ற பிரதிநிதி, அப்போது பிரம்மசாரி, தன்னைப் போன்ற பிரம்மசாரிகள் இதை ஆதரிக்க வேண்டும், பணக்காரப் பெண்கள் இங்கே வருவார்கள் என்று பேசினார். பெண்ணுரிமையின் வரலாற்றில் இப்படிப்பட்ட வாதங்களுக்கும் இடம் உண்டு.

கலிபோர்னியாவுக்குப் பிடி மேசன் வந்த விதம் வேறு. 1818இல் அடிமையாகப் பிறந்தவர் அவர். மோர்மன் மதத்தைத் தழுவிய எஜமானர் ராபர்ட் ஸ்மித் 1848இல் மிசிசிப்பியிலிருந்து யூட்டாவுக்குக் குடிபெயர்ந்தபோது, பிடி மேசன் வண்டிகளுக்குப் பின்னால் கால்நடைகளை ஓட்டிக்கொண்டு நடந்தே போனார். கைக்குழந்தையும் கூட. 1851இல் அங்கிருந்து கலிபோர்னியா. அது அடிமைமுறை இல்லாத மாநிலம். ஆனாலும் ஸ்மித் விடவில்லை, டெக்சஸுக்குக் கொண்டுபோகப் பார்த்தார். 1856இல் வழக்கு லாஸ் ஏஞ்சலஸ் நீதிபதி பெஞ்சமின் ஹேய்ஸிடம் வந்தது. வெள்ளையருக்கு எதிராகக் கறுப்பினத்தவர் சாட்சி சொல்லக்கூடாது என்று அன்றைய சட்டம். நீதிபதி பிடி மேசனைத் தன் அறைக்கு அழைத்துக் கேட்டறிந்து, அவரோடு பதின்மூன்று பேரை விடுவித்தார். அதன்பின் பத்தாண்டு மருத்துவச்சியாக உழைத்துச் சேர்த்த காசில், 1866இல் ஸ்பிரிங் தெருவில் 250 டாலருக்கு நிலம் வாங்கினார். எழுதப் படிக்கத் தெரியாது; பத்திரத்தில் குறிதான் இட்டார். ஊர் வளர வளர அந்த நிலம் லாஸ் ஏஞ்சலஸின் நடுநகரமானது. 1872இல் நகரின் முதல் கறுப்பினத் திருச்சபை அவர் வீட்டில் கூடியது. மேற்கெல்லைக் கதைகளில் நில ஆவணம் ஒன்று இத்தனை நிறைவாக ஒரு பெண்ணிடம் வந்து சேர்ந்தது அரிது.

இனி 1862. லிங்கன் கையொப்பமிட்ட ஹோம்ஸ்டெட் சட்டம், 21 வயதான யாருக்கும் அல்லது குடும்பத் தலைவருக்கு 160 ஏக்கர் அரசு நிலம் தருவதாகச் சொன்னது. ஐந்தாண்டு அங்கே வசித்து உழ வேண்டும். ஆண் என்று சட்டம் சொல்லவில்லை. மணமாகாதவர், கைம்பெண், மணவிலக்குப் பெற்றவர் எல்லோரும் மனுச் செய்யலாம். மணமான பெண்ணால் மட்டும் முடியாது; குடும்பத் தலைவர் கணவன்தானே! ஆக, திருமணம் ஆகும்வரை குடிமகள், ஆனபின் குடும்பத்தாள். புட்சர் 1886இல் எடுத்த இன்னொரு படத்தில் கிரிஸ்மன் சகோதரிகள் நால்வர் மண்வீட்டின் முன் நிற்கிறார்கள். மூத்தவர்கள் தத்தம் பெயரில் நிலம் கேட்டு மனுச் செய்தார்கள். வசிப்பு விதிக்காகத் தனித்தனி வீட்டில் இருந்தாக வேண்டும் என்பதால், ஒருவர் வீட்டில் ஒருவர் மாறி மாறித் துணைக்குத் தங்கிக்கொண்டார்கள்.

அந்த 160 ஏக்கர்கள் எங்கிருந்து வந்தன? மிசூரி ஆற்றங்கரையில் ஹிடாட்சா மக்களின் வயல்கள் பெண்களுக்கே உரியவை. மண்கூரை வீடும் அவர்களுடையதே. 1839 வாக்கில் பிறந்த எருமைப்பறவைப் பெண் என்ற ஹிடாட்சா மூதாட்டி தம் சாகுபடி முறையைச் சொல்லச் சொல்ல கில்பர்ட் வில்சன் எழுதி, 1917இல் நூலாக்கினார். சோளம், அவரை, பூசணி, சூரியகாந்தி. காட்டெருமைத் தோள்பட்டை எலும்பில் செய்த களைக்கொட்டு. அரசு கொண்டுவந்த உருளைக்கிழங்கின் வாடையே தங்களுக்குப் பிடிக்கவில்லை என்று அவர் ஒளிக்காமல் சொல்கிறார். 1887இல் வந்த டாஸ் சட்டம் பூர்வகுடிகளின் பொது நிலத்தைத் துண்டு போட்டது: குடும்பத் தலைவருக்கு 160 ஏக்கர், தனி ஆளுக்கு 80, மனைவிக்கு ஒன்றுமில்லை. தலைமுறை தலைமுறையாக வயல் பெண்களிடம் இருந்த சமூகத்திலும் வாஷிங்டன் கணவனைத்தான் தேடியது. 1891இல் திருத்தம் வந்து ஆளுக்கு 80 ஏக்கர் என்றானது. மிஞ்சிய நிலம் குடியேறிகளுக்குப் போனது.

ஒமாஹா குலத்தில் பிறந்த சூசன் லா ஃபிளெஷ் 1889இல் பிலடெல்பியாவின் பெண்கள் மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்று, பூர்வகுடிகளில் முதல் பெண் மருத்துவரானார். (வேலூர் மருத்துவமனையை நிறுவிய ஐடா ஸ்கடர் சில ஆண்டுகள் கழித்து மருத்துவம் படிக்கத் தொடங்கியதும் இதே கல்லூரியில்தான்.) ஊர் திரும்பியவர் ஆயிரத்துக்கும் மேற்பட்ட மக்களுக்குத் தனி ஒருவராக வைத்தியம் பார்த்தார். 1905இல் கணவர் ஹென்றி பிக்கோட் இறந்ததும், அவர் விட்டுச்சென்ற நிலத்தில் தம் பிள்ளைகளின் பங்குக்காக அதிகாரிகளுக்குக் கடிதம் மேல் கடிதம் எழுத வேண்டியிருந்தது. பட்டம் பெற்ற மருத்துவருக்கே இந்த நிலை என்றால், எழுத்தறியாதவர்களை நிலத்தரகர்கள் எப்படி நடத்தியிருப்பார்கள்! அவர்களுக்காகவும் சூசனே 1910இல் வாஷிங்டன் போனார். 1913இல் வால்ட்ஹில்லில் அவர் எழுப்பிய மருத்துவமனைக் கட்டடம் இன்றும் இருக்கிறது.

வயோமிங்கை மறந்துவிட முடியாது. 1869 டிசம்பர் 10 அன்று அந்தப் பிரதேசம் பெண்களுக்கு வாக்குரிமை கொடுத்தது. அதே கூட்டத்தொடரில் மணமான பெண்ணின் சொத்துரிமையும், ஆசிரியைகளுக்குச் சம ஊதியமும் சட்டமாயின. அடுத்த ஆண்டு எஸ்தர் மோரிஸ் நீதிபதியானார். லாரமியில் லூயிசா ஸ்வெய்ன் என்ற முதியவர் வாக்களித்தார். உறுப்பினர் அத்தனை பேரும் ஆண்களாக இருந்த சபை இதைச் செய்தது பெருந்தன்மையால் மட்டுமல்ல. ஆறு ஆணுக்கு ஒரு பெண் என்றிருந்த ஊருக்குப் பெண்களை வரவழைக்க விளம்பரம் தேவைப்பட்டது. எதிர்க்கட்சி ஆளுநரைச் சங்கடப்படுத்தும் ஆசையும் சேர்ந்துகொண்டது. பக்கத்து ஐடஹோவும் 1896இல் பெண்களுக்கு வாக்குரிமை தந்தது. ஆனால் சால்மன் ஆற்றங்கரையில் வாழ்ந்த பாலி பெமிஸுக்கு 1933இல் சாகும்வரை அது கிட்டவில்லை. அவர் சீனாவில் பிறந்தவர். குடியுரிமை பெறச் சட்டம் இடம் தரவில்லை.

அதே வயோமிங்கின் பர்ன்ட் ஃபோர்க் என்ற ஊருக்கு 1909இல் எலினோர் புரூட் வந்தார். டென்வரில் துணி துவைத்தும் வீட்டுவேலை செய்தும் பிழைத்தவர். சிறு மகளோடு, கிளைட் ஸ்டுவர்ட் என்பவரின் பண்ணையில் வீட்டு நிர்வாகியாகச் சேர்ந்தார். வந்த சில வாரங்களில் பக்கத்து நிலத்துக்குத் தன் பெயரில் மனுப் போட்டார். டென்வரின் பழைய எஜமானிக்கு அவர் எழுதிய கடிதங்கள் அட்லாண்டிக் இதழில் வந்து, 1914இல் நூலாயின. நகரத்தில் துவைத்தே தேயும் பெண்கள் எல்லோரும் நிலம் கேட்டு வாருங்கள் என்பதுதான் அவற்றின் உற்சாகமான அழைப்பு. இன்றும் பெண் ஹோம்ஸ்டெட்காரர் என்றால் முதலில் சொல்லப்படும் பெயர் அவருடையது.

கடிதங்களில் அவர் தாமதமாகச் சொன்ன செய்தி ஒன்றுண்டு. மனுப் போட்ட சில நாட்களிலேயே அவருக்கும் கிளைடுக்கும் திருமணமாகிவிட்டது. இரண்டு நிலங்களின் எல்லைக்கோடு கிளைடின் வீட்டை ஒட்டிப் போனதால், எலினோரின் வீட்டை அதோடு சேர்த்தே கட்டினார்கள். கணவனும் மனைவியும் தனித்தனி வசிப்பிடம் காட்டி ஆளுக்கொரு நிலம் பெற விதி இடம் கொடுக்கவில்லை. 1912இல், நூல் வெளிவருவதற்கு இரண்டாண்டு முன்பே, எலினோர் தன் உரிமையைக் கைவிட்டார். கிளைடின் தாயார் அதே நிலத்துக்கு மனுச் செய்து பட்டா வாங்கினார். பின்னர் அவரிடமிருந்து அது மகன் பெயருக்குப் போனது.