யன்னல் நிலையும் வன்னி முதிரையும்

சாளரம், காலதர் என நூல்களிற் சொற்கள் இருந்தும் நம் வாயில் வழங்குவது போர்த்துக்கேயர் தந்த 'யன்னல்'தான். அதன் நிலைக்கு மரம் தந்ததோ வன்னி. சுண்ணக்கல்லின்மேல் மெல்லிய மண் படிந்த யாழ்ப்பாணக் குடாநாட்டிற் பெருங்காடு இல்லை, உள்ளது பனை. முற்றிய பனையின் புறவைரத்தைக் கறையான் எளிதில் தீண்டாது. ஒல்லாந்தர் காலத்தில் அது கப்பலேறியும் விலைப்பட்டது. ஆயினும் உள்ளே சோறு. வளைக்கும் சிலாகைக்கும் போதிய அம்மரம், நாற்புறமும் வைரம் வேண்டும் நிலைக்குப் போதவில்லை.

ஆகவே எளியோர் வளவு வேம்பை அறுத்தனர். வசதியுடையோர் வன்னி முதிரையை நாடினர். முதிரை பொன்னிறமானது, கனமானது, தச்சரின் உளியை மழுக்குவது. அம்மழுங்கிய உளிக்கு என்ன கூலி கிடைத்தது? 1707இல் தொகுக்கப்பட்ட தேசவழமையில் அடிமைகளுக்கும் விதிகள் உண்டு. அடிமைமுறை ஒழிந்ததோ 1844இல்தான். மரம் சுமந்தவனின் குடிசைக்கு யன்னல் இருந்ததா என்பதையும் நாம் மாணவரிடம் கேட்கவேண்டும்.

பின்னர் போர் வந்தது. பதுங்குகுழிகளுக்கெனப் பல்லாயிரம் பனைகள் தறிக்கப்பட்டன. வலிகாமம் வடக்கிற்கு மீண்டோர் பலர் கண்டவை, கூரையும் கதவும் யன்னல் நிலையும் பெயர்க்கப்பட்ட வெறுஞ்சுவர்கள். இன்று முதிரையை ஏற்றிவர அனுமதிப்பத்திரம் வேண்டும். புதுச்சுவர்களில் அலுமினியச் சட்டங்கள் ஏறுகின்றன.