தமனி: ஒரு தப்பான பெயரின் 2,300 வருஷக் கதை

இந்த எபிசோட் முழுக்க ஒரே ஒரு சொல்லைப் பத்தித்தான். தமனி. பத்தாம் வகுப்பு உயிரியல்ல படம் வரைஞ்சு, சிவப்பு கலர் அடிச்சு, பரீட்சை முடிஞ்சதும் மறந்துபோன அதே தமனி.

எனக்கு அது திரும்ப ஞாபகம் வந்த இடம் ஒரு ஆஸ்பத்திரி வார்டு. அப்பாவுக்கு நிமோனியா. மூக்குல ஆக்சிஜன் குழாய் வெச்சிருந்தாங்க. காலையில முழங்கை மடிப்புல ஊசி போட்டு நாலு குப்பி ரத்தம் எடுத்துட்டுப் போனாங்க. மதியம் ஒரு சிஸ்டர் வந்து, "ஐயா, கையைக் கொஞ்சம் திருப்பி வைங்க, மணிக்கட்டுல ரத்தம் எடுக்கணும்"னு சொன்னாங்க. ராத்திரி முழுக்கத் தூங்காத கோபத்துல நான் சத்தம் போட்டேன்: "காலையிலதானே எடுத்தீங்க? அதையே டெஸ்ட் பண்ண வேண்டியதுதானே?" அவங்க கோபப்படல. "தம்பி, அது சிரை ரத்தம். இது தமனி ரத்தம். ரெண்டும் வேற"ன்னாங்க.

ஊசி போனதும் அப்பா பல்லைக் கடிச்சுக்கிட்டார். சிரிஞ்சை இழுக்காமலேயே ரத்தம் தானா மேல ஏறிச்சு, ஒவ்வொரு துடிப்புக்கும் கொஞ்சம் கொஞ்சமா. எடுத்து முடிச்சதும் பஞ்சை வெச்சு, "அஞ்சு நிமிஷம் அழுத்திப் பிடிங்க, விட்டுடாதீங்க"னு என்கிட்ட குடுத்துட்டுப் போயிட்டாங்க. அந்த அஞ்சு நிமிஷத்துல என் கட்டைவிரலுக்குக் கீழ ஓடிக்கிட்டிருந்த அந்தக் குழாயோட கதைதான் இன்னைக்கு.

முதல்ல பெயர். தமனிக்கு இங்கிலீஷ்ல ஆர்ட்டரி. அது கிரேக்கத்தின் 'ஆர்ட்டீரியா'வில் இருந்து வந்தது. ஆனா பழைய கிரேக்க மருத்துவ நூல்களில் ஆர்ட்டீரியா என்றால் ரத்தக்குழாய் இல்ல, மூச்சுக்குழாய்! காற்று போற குழாய். அப்புறம் ரத்தக்குழாய்களில் ஒரு வகைக்கும் அதே பெயரை வெச்சாங்க. குழப்பம் வந்ததும், மூச்சுக்குழாயை மட்டும் 'சொரசொரப்பான ஆர்ட்டீரியா'ன்னு தனியாகச் சொல்ல ஆரம்பிச்சாங்க. அந்தச் சொரசொரப்புக்கான கிரேக்கச் சொல்தான் இன்னைக்கு நாம சொல்ற 'ட்ரக்கியா'. அடைமொழி மூச்சுக்குழாய்க்குப் போயிடுச்சு, அசல் பெயர் ரத்தக்குழாய்கிட்ட தங்கிடுச்சு.

சரி, காற்றுக்குழாய்க்கான பெயரை ரத்தக்குழாய்க்கு எதுக்கு வெச்சாங்க? ஏன்னா அதுல காற்று ஓடுதுன்னு உண்மையாவே நம்பினாங்க.

கி.மு. 4ஆம் நூற்றாண்டுல காஸ் தீவைச் சேர்ந்த பிராக்ஸகோரஸ் என்ற மருத்துவர் தமனியையும் சிரையையும் வேறு வேறுன்னு பிரிச்சார். சிரையில் ரத்தம், தமனியில் 'நியூமா'. நியூமா என்றால் காற்று, மூச்சு, உயிர்ப்பு, எல்லாம் கலந்த ஒரு கருத்து. கேட்டா சிரிப்பு வரும். ஆனா அவங்க பார்த்தது என்னன்னு யோசிச்சுப் பாருங்க. இறந்த உடலை அறுத்தா சிரைகளில் ரத்தம் இருக்கும், தமனிகள் பெரும்பாலும் காலி. தமனியின் சுவர் தசையால் ஆனது. இறப்புக்கு அப்புறம் அது சுருங்கி, உள்ளே இருக்கிற ரத்தத்தை சிரைகள் பக்கம் தள்ளிடும். அதனால கையில கிடைச்ச டேட்டா சரி. அதிலிருந்து எடுத்த முடிவுதான் தப்பு. லைவ் சர்வரைப் பார்க்காம, நின்னுபோன சர்வரை மட்டும் திறந்து பார்த்து, "இந்தப் போர்ட்ல டிராஃபிக்கே இல்ல"ன்னு எழுதின மாதிரி.

அவரோட மாணவர் ஹிரோஃபிலஸ் அலெக்சாண்ட்ரியாவில் மனித உடல்களையே அறுத்துப் படிச்சவர். தமனியின் சுவர் சிரையின் சுவரைவிட ஆறு மடங்கு தடிமன்னு கணக்கு சொன்னார். நீர்க் கடிகாரம் வெச்சு நாடித்துடிப்பை அளந்தார். அதே நகரத்தில் எராசிஸ்ட்ரேட்டஸ். இவர்தான் 'தமனியில் நியூமா மட்டும்தான்' என்பதில் உறுதியா நின்னவர்.

உடனே உங்களுக்கு ஒரு கேள்வி வரும். கையில கத்தி பட்டா தமனியில் இருந்து ரத்தம் பீச்சி அடிக்குதே, அது என்ன? அதுக்கும் அவர்கிட்ட பதில் இருந்தது. வெட்டினதும் நியூமா வெளியே போயிடுது, உள்ளே வெற்றிடம் உண்டாகுது, அந்த வெற்றிடம் பக்கத்துல இருக்கிற சிரைகளில் இருந்து கண்ணுக்குத் தெரியாத நுண்ணிய இணைப்புகள் வழியா ரத்தத்தை இழுக்குது. ஆதாரம் எதிரா வந்தாலும் உடையாத மாதிரி ஒரு கோட்பாடு. ஆனா இதுல ஒரு வேடிக்கை இருக்கு: தமனிக்கும் சிரைக்கும் நடுவுல கண்ணுக்குத் தெரியாத இணைப்பு இருக்குன்னு சொன்னது சரிதான். ரத்தம் போற திசையைத்தான் தலைகீழா சொல்லிட்டார். அந்த இணைப்பை மனுஷக் கண் பார்க்க இன்னும் 1,900 வருஷம் ஆச்சு.

கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கேலன் வந்தார். அவர் செஞ்சது ரொம்ப எளிமையான சோதனை. உயிரோட இருக்கிற விலங்கின் தமனியை ரெண்டு இடத்துல நூலால் கட்டினார். நடுவுல கீறினார். ரெண்டு பக்கமும் கட்டியிருக்கு, சிரையில் இருந்து எதுவும் வந்து சேர வழியில்ல. ஆனாலும் உள்ளே ரத்தம் இருந்தது. வாதம் முடிஞ்சது. தமனியில் இயல்பாகவே ரத்தம் இருக்குன்னு இதுக்காகவே தனியா ஒரு நூலும் எழுதினார்.

ஆனா பெயர் மாறல. கேலனே இன்னொரு பெரிய தப்பையும் விட்டுட்டுப் போனார். ரத்தத்தைக் கல்லீரல் புதுசு புதுசா செய்யுது, உடம்பு அதைச் செலவழிச்சுடுதுன்னார். இதயத்தின் வலப்பக்கத்துல இருந்து இடப்பக்கத்துக்கு நடுச்சுவரில் இருக்கிற நுண்துளைகள் வழியா ரத்தம் கசியுதுன்னார். அந்தத் துளைகளை யாரும் பார்த்ததில்ல. ஏன்னா அவை இல்ல.

1242ல இப்னு அல் நஃபீஸ் என்ற அரபு மருத்துவர் அதைச் சொல்லியே விட்டார்: நடுச்சுவர் கெட்டியானது, துளை எதுவும் கிடையாது, ரத்தம் நுரையீரல் வழியாத்தான் இடப்பக்கம் வந்து சேரணும். அவர் எழுதினதை மேற்குலகம் மறுபடி கவனிச்சது 1924ல. ஒரு எகிப்திய மருத்துவர் பெர்லின் நூலகத்துல இருந்த கையெழுத்துப் பிரதியைப் படிச்சப்போதான். கிட்டத்தட்ட 700 வருஷம் பெரிசா யாரும் கவனிக்காத ஃபைல்.

ஐரோப்பாவில் அதே விஷயத்தை ஒரு இறையியல் நூலுக்குள்ள எழுதினவர் மிகேல் செர்வேட்டஸ். மதக்கருத்துகளுக்காக 1553ல ஜெனீவாவில் அவரை உயிரோட எரிச்சாங்க.

1628ல வில்லியம் ஹார்வி. அவர் செஞ்சதை இன்ஜினியரிங் பாஷையில் 'பேக் ஆஃப் தி என்வலப்' கணக்குன்னு சொல்வோம். இன்னைய எண்களை வெச்சு நாமளே போட்டுப் பார்க்கலாம். இதயம் ஒரு துடிப்புக்கு சுமார் 70 மில்லி தள்ளுது. நிமிஷத்துக்கு 70 துடிப்பு. பெருக்கினா கிட்டத்தட்ட 5 லிட்டர். ஒரு மணி நேரத்துல 300 லிட்டர், ஒரு நாளைக்கு 7,000 லிட்டருக்கு மேல. நம்ம உடம்புல இருக்கிற மொத்த ரத்தமே சுமார் 5 லிட்டர்தான். ஹார்வி இதைவிட ரொம்பக் குறைஞ்ச எண்களைத்தான் எடுத்துக்கிட்டார். அப்பவும் சாப்பிடுற சாப்பாட்டில் இருந்து அவ்வளவு ரத்தம் உண்டாக வழியே இல்லன்னு தெரிஞ்சுது. அப்போ ஒரே ரத்தம்தான் சுத்தி சுத்தி வருது. தமனி வழியா வெளியே, சிரை வழியா உள்ளே.

நடுவுல எப்படிக் கடக்குதுன்னு மட்டும் ஹார்வியால் காட்ட முடியல. 1657ல அவர் இறந்தார். நாலு வருஷம் கழிச்சு, 1661ல, மால்பீகி ஒரு தவளையின் நுரையீரலை நுண்ணோக்கியில் பார்த்து தந்துகிகளைக் கண்டுபிடிச்சார். எராசிஸ்ட்ரேட்டஸ் சொன்ன அந்த 'கண்ணுக்குத் தெரியாத இணைப்பு' இதுதான்.

இதெல்லாம் வெறும் பெயர்ப் பிரச்சினை இல்ல. ரத்தம் புதுசு புதுசா ஊறிக்கிட்டே இருக்குன்னு நம்பினா, நோயாளிக்கு 'அதிகமான' ரத்தத்தை வெளியே எடுத்துடுறது நியாயமாத்தான் தோணும். அந்த வழக்கம் ஹார்விக்கு அப்புறமும் போகல. 1799 டிசம்பர்ல ஜார்ஜ் வாஷிங்டனுக்குத் தொண்டை அடைச்சு மூச்சுவிட முடியல. ஒரே நாளில் திரும்பத் திரும்ப ரத்தத்தை வெளியேத்தினாங்க. அன்னிக்கு ராத்திரியே அவர் இறந்துட்டார். புத்தகத்துல பக் ஃபிக்ஸ் ஆகி 171 வருஷம் ஆகியிருந்தது. கட்டில் பக்கத்துக்கு அது வந்து சேரல.

இப்போ நம்ம சொல்லுக்கு வருவோம். தமனி சமஸ்கிருதத்தின் 'தமநீ'யில் இருந்து வந்தது. அதோட வேருக்குப் பொருள் என்ன தெரியுமா? ஊதுறது! கிரேக்கத்துல காற்றுக்குழாய், இங்க ஊதுகுழாய். எனக்கு இதைப் படிச்சப்போ சிலிர்த்துப் போச்சு. ஆனா உடனே ஒரு எச்சரிக்கையும் சொல்லணும். சுஸ்ருத சம்ஹிதை தொப்புளில் இருந்து கிளம்புற 24 தமனிகளைப் பத்தியும் 700 சிரைகளைப் பத்தியும் பேசுது. அதுல தமனிகள் ஒலி, மணம், சுவை போன்றவற்றையும் சுமக்குது. அது இன்னைய ஆர்ட்டரி இல்ல. பழைய சொல்லை எடுத்து புதுப் பொருளுக்குப் பொருத்தினது நவீன காலத்துல.

இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் ஆர்ட்டரிக்கு நாடி, வெய்னுக்கு நாளம். துடிக்கிறது எதுவோ அதுதான் நாடின்னு பார்த்தா, அது அழகான தேர்வு. நம்ம வீட்டுப் பேச்சுல இதெல்லாம் கிடையாது. எல்லாமே நரம்புதான். "நரம்பு கிடைக்கல, இன்னொரு கையைக் காட்டுங்க"ன்னா சிரை. "நரம்புத் தளர்ச்சி"ன்னா வேற. "இதயத்துக்குப் போற நரம்புல அடைப்பு"ன்னா தமனி. ஒரே வேரியபிள் பெயர், மூணு வேற வேற டைப்.

ஸ்கூல்ல சொல்லிக்குடுத்த 'தமனியில் சுத்த ரத்தம், சிரையில் அசுத்த ரத்தம்' என்பதும் சரியான விளக்கம் இல்ல. நுரையீரல் தமனியில் ஆக்சிஜன் குறைஞ்ச ரத்தம்தான் போகுது. இதனால பழைய உடலியலாளர்கள் அதை 'தமனி மாதிரி இருக்கிற சிரை'ன்னு கூட அழைச்சாங்க. இன்னைக்கு இலக்கணம் திசையை வெச்சுத்தான்: இதயத்தில் இருந்து வெளியே கொண்டுபோனா தமனி, இதயத்துக்குத் திருப்பிக் கொண்டுவந்தா சிரை. உள்ளே என்ன இருக்குன்னு கேட்காதே, எங்கே போகுதுன்னு கேளு.

ஆனா அப்பாவின் மணிக்கட்டுல எடுத்த ரத்தத்தில் அவங்க தேடினது எதை? காற்றைத்தான்! 1919ல வில்லியம் ஸ்டேடி என்ற அமெரிக்க மருத்துவர் நிமோனியா நோயாளிகளின் தமனியில் இருந்தே ரத்தம் எடுத்து ஆக்சிஜனை அளந்தார். உதடு நீலமாகிறது நுரையீரல் ரத்தத்துக்கு ஆக்சிஜனை முழுசா ஏத்த முடியாததாலன்னு காட்டினார். அந்தச் சோதனையின் வாரிசுதான் சிஸ்டர் செஞ்சது. சிரை ரத்தம், திசுக்கள் ஆக்சிஜனை எடுத்துக்கிட்ட அப்புறம் மிச்சம் என்னன்னுதான் சொல்லும். நுரையீரல் வேலை செய்யுதான்னு தமனிதான் சொல்லும். கொரோனா காலத்துல விரல்ல மாட்டின ஆக்சிமீட்டரும் அப்படித்தான். 1970கள்ல ஜப்பான் பொறியாளர் தகுவோ அயோயாகி கண்டுபிடிச்ச யோசனை அது: வெளிச்சத்துல மாறாம இருக்கிற பகுதியைக் கழிச்சுடு, துடிக்கிற பகுதியை மட்டும் எடு. துடிக்கிறது தமனி.

நல்ல தமனி ரத்தம் 100 மில்லியில் சுமார் 20 மில்லி ஆக்சிஜன் இருக்கும். குமிழியா இல்ல, ஹீமோகுளோபினோட ஒட்டிக்கிட்டு. பிராக்ஸகோரஸ் சொன்ன மாதிரி காலிக் குழாயில் காற்று இல்ல. ஆனா மூச்சுல இருந்து எடுத்த ஏதோ ஒண்ணைத் தமனி உடம்பு முழுக்கக் கொண்டுபோகுதுங்கிற உள்ளுணர்வு முழுத் தப்பும் இல்ல. கோட்பாடு போயிடுச்சு, பெயர் தங்கிடுச்சு, கடைசியில பெயருக்கு ஒரு பொருளும் கிடைச்சிடுச்சு.

அந்த அஞ்சு நிமிஷத்துல நான் விரலை எடுக்கவே இல்ல. சிரையில் அழுத்தம் குறைவு, சீக்கிரம் நின்னுடும். தமனி இதயத்தோட நேரடி அழுத்தத்துல ஓடுறது, சும்மா விட்டா உள்ளேயே கசிஞ்சு வீங்கிடும். அதுதான் "விட்டுடாதீங்க"ன்னு சொன்னதுக்குக் காரணம். அன்னிக்கு அது தெரியாது. கட்டைவிரலுக்குக் கீழ துடிச்சுக்கிட்டிருந்தது மட்டும் தெரிஞ்சுது. அப்பா, "எவ்ளோ நேரம்டா பிடிப்ப?"ன்னு கேட்டார். "சொன்ன வரைக்கும்பா"ன்னேன்.

அப்பா இப்போ நல்லா இருக்கார். இந்த எபிசோடையும் கேட்பார். சிஸ்டர்கிட்ட நான் அன்னிக்கே ஸாரி சொல்லிட்டேன். உங்க வீட்டுல யாருக்காவது மணிக்கட்டுல ரத்தம் எடுக்க வந்தா, சண்டை போடாதீங்க. பஞ்சை வாங்கி அழுத்திப் பிடிங்க. அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.