காலத்தை வார்த்த கைகள்

ஒரு மணி என்பது எத்தனை நிமிடம்? பள்ளிச் சிறுவனும் தயங்காமல் 60 என்று விடை கூறுவான். ஆயின் எண்ணூறு ஆண்டுகளுக்கு முன், டமாஸ்கஸ் என இன்று வழங்கும் திமிஷ்கு நகரின் கடைத்தெருவில் நின்று இவ்வினாவை எழுப்பியிருந்தால், "கோடையிலா, குளிர்காலத்திலா?" என்ற எதிர்வினாவே நமக்குக் கிடைத்திருக்கும்.

அந்நாளைய மக்கள், கதிரவன் எழுவது முதல் மறைவது வரையுள்ள பகலை 12 கூறுகளாகப் பகுத்தனர். ஒவ்வொரு கூறும் ஒரு மணி. இரவையும் அவ்வாறே பகுத்தனர். எனவே திமிஷ்கில் கோடைப் பகலின் ஒரு மணி, நம் கணக்கில் ஏறத்தாழ 70 நிமிடம். குளிர்காலப் பகலிலோ ஏறத்தாழ 50 நிமிடமே. மணி நாள்தோறும் சிறிது நீண்டது, அல்லது சிறிது குறுகியது. தாமிரமும் கயிறும் தண்ணீரும் கொண்டு ஒரு கடிகாரம் செய்யப் புகுந்த கைவினைஞர், நாளுக்கு நாள் அளவு மாறும் மணியை அக்கருவி காட்டுமாறு செய்தாக வேண்டும். பொற்கொல்லன் பொன்னை நீட்டியும் சுருக்கியும் அணி செய்வது போல, அவர் காலத்தையே நீட்டியும் சுருக்கியும் வார்க்க வேண்டியிருந்தது.

அத்தகைய கைவினைஞருள் ஒருவர் குராசானிலிருந்து திமிஷ்கில் குடியேறிய முஹம்மது. சுல்தான் நூருத்தீன் ஸங்கியின் ஆணைப்படி, உமையாப் பெரும்பள்ளிவாசலின் கிழக்கு வாயிலாகிய பாபு ஜைரூன் அருகே அவர் ஒரு நீர்க்கடிகாரத்தை அமைத்தார். அத்தொழிலே அவர் பெயராயிற்று. கடிகாரக்காரர் எனப் பொருள்படும் "ஸாஅத்தீ" என்ற பெயர் அவரையும் அவர் மக்களையும் ஒட்டிக்கொண்டது.

1184ஆம் ஆண்டு அந்நகருக்கு வந்த அந்தலூஸியப் பயணி இப்னு ஜுபைர், அக்கடிகாரத்தின் முன் வியந்து நின்றார். தாம் கண்டதை நமக்காக எழுதியும் வைத்தார். பகலில் ஒரு மணி நிறைந்ததும், பித்தளையில் வார்த்த இரு பருந்துகள் கழுத்தை நீட்டி, அலகிலிருந்து பித்தளைக் குண்டுகளைக் கீழுள்ள கிண்ணங்களில் உதிர்க்கும். ஓசை எழும். கிண்ணத்தின் துளை வழியே குண்டுகள் சுவருக்குள் திரும்பிவிடும். அந்த மணிக்குரிய சிறு கதவு மூடிக்கொள்ளும். இரவிலோ, கண்ணாடி பதித்த 12 வட்டங்களின் பின்னே விளக்கொளி நீரின் விசையால் நகர்ந்து, மணிதோறும் ஒரு வட்டத்தை ஒளியால் நிரப்பும். உள்ளறையில் ஒரு மனிதர் இருந்து இவற்றையெல்லாம் கவனித்துக்கொண்டார் என்றும் இப்னு ஜுபைர் குறிக்கிறார்.

அந்த மனிதரில்தான் நம் வரலாற்றின் முடிச்சு இருக்கிறது. கடிகாரத்தைச் செய்தவரின் கை அதன் நெளிவு சுளிவுகளை அறியும். பின்வந்தவரின் கை அறியுமா? முஹம்மது வாழ்ந்தவரை, பராமரிப்புக்கென அவருக்கு ஊதியம் வழங்கப்பட்டது. அவர் மறைந்தபின், நுட்பம் முழுதும் அறியாதார் கைக்கு அது சென்றது. கடிகாரம் சீர்கெட்டது.

முஹம்மதுக்குப் புதல்வர் இருவர். ஒருவர் புகழ்பெற்ற கவிஞரானார். மற்றவர் ரிள்வான், மருத்துவராகவும், அய்யூபிய அரசகுமாரர்களின் அமைச்சராகவும் விளங்கியவர். கருவிகளைத் தொட்டுக் கையை அழுக்காக்கிக்கொள்ள வேண்டிய நிலை அவருக்கு இல்லை. ஆயினும் தந்தையின் கடிகாரம் பழுதுற்று நிற்பதை அவர் பொறுக்கவில்லை. தாமே முன்வந்து செப்பனிட்டார். செப்பனிட்டதோடு நின்றாரில்லை. அதன் உறுப்புகளையும் அவை இயங்கும் முறையையும், படங்களுடன் விளக்கி 1203இல் ஒரு நூல் எழுதினார். பாபு ஜைரூன் கடிகாரம் இன்று இல்லை. நூல் இருக்கிறது.

ஏறத்தாழ அதே வேளையில், வடக்கே திஜ்லா நதிக்கரையில் உள்ள ஆமித் நகரில் மற்றொரு மேதை உழைத்துக்கொண்டிருந்தார். இன்று துருக்கியில் தியார்பக்கிர் எனப்படும் ஊர் அது. அங்கு அர்த்துக்கிய மன்னர்களிடம் 25 ஆண்டுகள் பணிபுரிந்த அல்ஜஸரீ, மன்னர் நாசிருத்தீன் மஹ்மூதின் விருப்பப்படி 1206இல் தம் நூலை நிறைவு செய்தார். 50 கருவிகளை விவரிக்கும் அந்நூலின் முதற் பகுதியில் உள்ள 10 கருவிகளும் கடிகாரங்களே.

அவற்றுள் யானைக் கடிகாரம் நமக்கு நெருக்கமானது. யானையின் வயிற்றுக்குள் நீர்த்தொட்டி. அதில் அடியில் துளையிட்ட ஒரு வட்டில் மிதக்கும். துளைவழி நீர் ஏற, அரை மணியில் வட்டில் மூழ்கும். மூழ்கும் விசையால் ஒரு குண்டு மேலிருந்து உருண்டு நாகத்தின் வாயில் விழ, நாகம் தாழ, பாகன் முழக்குவான். மூழ்கிய வட்டிலை மீண்டும் மேலே தூக்கிவிடுவதும் அந்நாகமே. 24 நிமிடத்தில் மூழ்கும் நம் நாட்டு நாழிகை வட்டிலை அறிந்தோர்க்கு இது உறவினரைக் கண்டது போலிருக்கும்.

இனி, நீண்டும் குறுகியும் மாறும் மணியை அவர் எவ்வாறு வார்த்தார்? கோட்டைக் கடிகாரம் என வழங்கும் பெரிய கருவியில் அதற்கு விடை உண்டு. நீர் வெளியேறும் துளையை, ராசிகள் குறித்த ஒரு வட்டத்தகட்டில் அமைத்தார். தகட்டை நாள்தோறும் சிறிது திருப்ப, நீர்மட்டத்துக்குக் கீழே துளை நிற்கும் ஆழம் மாறும். ஆழம் குறைந்தால் நீர் மெல்லக் கசியும், மணி நீளும். ஆழம் மிகுந்தால் விரைந்து பாயும், மணி குறுகும். முன்னோர் இதற்கு அரைவட்டத் தகட்டைப் பயன்படுத்தினர். அல்ஜஸரீ அதைச் செய்து பார்த்து, கணக்குப் பிழைப்பதை அறிந்தபின்னரே முழுவட்டத்துக்கு வந்தார். முன்னோர் சொல்லென்று தலைவணங்கியவர்தாம். ஆனால் கையால் சோதித்துப் பாராததை அவர் ஏற்றதில்லை.

ஒவ்வோர் உறுப்பின் அளவையும், அதை வார்க்கும் முறையையும், பொருத்தும் வரிசையையும் அவர் மறைக்காது எழுதினார். பயன் என்ன தெரியுமா? டொனால்டு ஹில் என்ற ஆங்கிலேய அறிஞர் 1974இல் அந்நூலை மொழிபெயர்த்து வெளியிட்டார். 1976இல் லண்டன் அறிவியல் காட்சியகத்தில் கோட்டைக் கடிகாரம் புதிதாக உருவாக்கப்பட்டது. அது ஓடியது! 770 ஆண்டுகளுக்குப் பின், ஓர் ஆசான் தாம் கண்ணாற் காணாத மாணவர்க்குத் தொழில் கற்பித்தார்.

மீண்டும் திமிஷ்கு செல்வோம். பதினான்காம் நூற்றாண்டில் அதே பள்ளிவாசலில் தொழுகை நேரங்களைக் கணித்தறிவிக்கும் முவக்கித்தாகப் பணியாற்றியவர் இப்னு ஷாத்திர். வானியலில் பேரறிஞரான அவர், இளமையில் தந்தம் பதிக்கும் கைத்தொழில் கற்றவர். 1371இல் ஏறத்தாழ இரண்டு மீட்டர் நீளமுள்ள சலவைக்கல்லில் சூரியக் கடிகாரம் ஒன்றைச் செதுக்கி மினாராவில் நிறுவினார். பூமியின் அச்சுக்கு இணையாகச் சாய்ந்த அதன் முள்ளின் நிழல், ஆண்டு முழுவதும் சம அளவான மணிகளைக் காட்டியது. அக்கல் பின்னாளில் உடைந்தது. ஆயினும் தந்தாவீ என்னும் அறிஞர் 1876இல் அதன் பிரதியைச் செய்து அவ்விடத்தில் வைத்தார். கலையை அறிந்த ஒருவர் எஞ்சியிருந்ததால் கல் மறுபிறவி கண்டது.

வாசக அன்பர்களே! பித்தளை துருவேறும், கல் உடையும், அரசுகள் மாறும். ரிள்வான் எழுதுகோலை எடுத்திராவிடில், அவர் தந்தையின் பேருழைப்பு ஒரு பயணியின் வியப்பாக மட்டுமே எஞ்சியிருக்கும். அமைச்சர் பதவியில் இருந்துகொண்டே, தம் தந்தை கைத்தொழிலாளி என்பதை மறைக்காது, அத்தொழிலுக்கு நூல் செய்த அந்த மைந்தரை எண்ணிப் பாருங்கள். நம் இல்லங்களிலும் கைத்திறன் வாய்த்த முதியோர் இருக்கின்றனர். அவர்கள் அறிந்தது அவர்களோடு மறைவதா, நிலைப்பதா என்பது, அருகே அமர்ந்து கேட்டு எழுத நமக்கு மனம் உண்டா என்பதைப் பொறுத்தது.