தமிழ்த் திரையில் முதிய பெண் வேடங்கள்

தமிழ்த் திரைப்படத்திலும் சின்னத்திரையிலும் நடுவயது கடந்த பெண்ணுக்கு நெடுங்காலம் கிடைத்தவை பெரும்பாலும் அம்மா, மாமியார், பாட்டி ஆகிய உறவு வேடங்களே. அவளையே மையமாகக் கொண்ட கதைகள் 2010-க்குப் பின்னரே கூடுதலாக வந்தன.

தொடக்கக் காலத்தின் பெரும் விதிவிலக்கு ஜெமினியின் 'ஔவையார்' (1953). கே. பி. சுந்தராம்பாள் நாற்பதுகளின் நடுவில் மூதாட்டியாக நடித்து, பாடிப் படத்தைத் தாங்கினார். ஆயினும் அந்த மூதாட்டி அருள்பெற்ற புலவர். சாதாரண வீட்டுக் கிழவிக்கு அந்த இடம் கிடைக்கவில்லை.

குடும்பப் படங்களில் நாயகிகள் விரைவிலேயே தாயானார்கள். 'கண்ணகி'யின் (1942) நாயகி பி. கண்ணாம்பா, 'மனோகரா'வில் (1954) அரசியான தாய். 'பராசக்தி'யில் (1952) சிவாஜி கணேசனுக்கு ஜோடியான பண்டரிபாய், 'தெய்வ மகன்' (1969) படத்தில் சிவாஜியின் மூன்று வேடங்களுள் ஒருவருக்கு மனைவி, இருவருக்குத் தாய். 'குடியிருந்த கோயில்' (1968) படத்தில் தம்மைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்த எம்.ஜி.ஆருக்கு அவர் அம்மா.

நடிகைக்கு மட்டும் வயதேறும் இந்த வழக்கத்துக்குத் தெளிவான சான்று ஸ்ரீவித்யா. 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் ரஜினிகாந்தின் மனைவியாக நடித்தவர், 'தளபதி'யில் (1991) அவருக்குத் தாய். ரஜினி பிறந்தது 1950-இல், ஸ்ரீவித்யா 1953-இல். கைக்குழந்தையைச் சரக்கு ரயிலில் விட்டுவிட்ட அந்தத் தாய், பல ஆண்டுகள் கழித்துக் கோயிலில் நிற்கும்போது ரயில் ஊதுவது கேட்டு முகம் மாறுகிறாள். வசனமே இல்லாத அந்தக் கணத்தில் ஒரு வாழ்க்கை முழுதும் தெரிகிறது. வேடம் சிறிதானாலும் நடிப்பு அதைப் பெரிதாக்கியது.

மாற்றத்துக்கு முதலில் வழிவிட்டது தொலைக்காட்சி. வீட்டுப் பெண்களே நெடுந்தொடர்களின் முதன்மைப் பார்வையாளர்கள் என்பதால், கதையும் அவர்கள் வயதை நோக்கி நகர்ந்தது. ராதிகா தம் ராடான் நிறுவனத்தின் வழியே 'சித்தி' (1999–2001) தொடரைத் தயாரித்து நடித்தார். விஜய் டிவியில் 2020-இல் தொடங்கிய 'பாக்கியலட்சுமி'யில் வளர்ந்த பிள்ளைகளுடைய இல்லத்தரசி, கணவரைப் பிரிந்து சமையல் தொழிலில் காலூன்றுகிறாள். 'எதிர்நீச்சல்' (2022) தொடரில் பம்பாய் ஞானம் நடித்த அப்பத்தாவின் கையில் சொத்தில் 40 விழுக்காடு பங்கு இருந்தது. வீட்டில் அவர் சொல்லுக்கு வலு சேர்த்தது அதுவே.

திரைப்படத்தில் திருப்பம் தந்தது சீனு ராமசாமியின் 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010). 'நாயகன்' (1987) நாயகியான சரண்யா பொன்வண்ணன், மகனைத் தனியாளாக வளர்த்த வீராயியாக நடித்து, சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பகிர்ந்து பெற்றார். துணை நடிகை என்ற வரிசையிலிருந்து அம்மா வேடம் முதன்மைக்கு ஏறியது அங்கேதான். 'ப. பாண்டி' (2017) ரேவதியின் பாத்திரத்துக்கு முதுமையிலும் காதலை நினைக்கும் உரிமையைத் தந்தது. லட்சுமி ராமகிருஷ்ணனின் 'அம்மணி' (2016) எண்பது கடந்த சுப்புலட்சுமியைத் தலைப்புப் பாத்திரமாக்கியது.

பெரிய நாயகர்களின் படங்களில் பழைய அம்மா வேடம் இன்றும் தொடர்கிறது. ஆனால் இப்போது முதிய நடிகைக்குக் கிடைப்பது அது ஒன்று மட்டுமல்ல.